சின்னவளின் அழுகை

பெரியவள் அழுது பிழைப்பவள். இதைக் கேட்டு யாரும் உச்சுக்கொட்ட வேண்டாம், அவளுக்கு அதில் பெருமைதான். சினிமாவில் கதாநாயகி வாயைத் திறந்து அழுவாள், கன்னத்தில் கண்ணீர் வழியும், தியேட்டரே மூக்கை உறிஞ்சும். அந்தச் சத்தம் மட்டும் பெரியவளுடையது. டப்பிங் ஸ்டுடியோவில் வசனம் பேச எத்தனையோ பேர் வரிசையில் நிற்கிறார்கள். வசனமே இல்லாத இடத்தில், வெறும் மூச்சையும் தொண்டையையும் வைத்துக்கொண்டு ஒரு சாவை நம்பவைக்க வேண்டுமென்றால், "அழுமூஞ்சியைக் கூப்பிடு" என்பார்கள். ஒலிப்பதிவாளர் வைத்த பட்டப்பெயர் அது. கண்ணாடிக்கு அந்தப் பக்கம் அவர், இந்தப் பக்கம் இவள் என்று இருவருக்கும் தலை நரைத்துவிட்டது. "என்ன அழுமூஞ்சி, இன்னைக்கு யாரைச் சாகடிக்கப் போற?" என்று அவர் கேட்டால்தான் அவளுக்கு வேலை தொடங்கிய மாதிரி இருக்கும்.

அவளுக்கென்று சில முறைகள் இருந்தன. மைக் முன்னால் நிற்குமுன் வளையலைக் கழற்றிவிடுவாள், செருப்பையும் கழற்றிவிடுவாள். சரசரக்கும் துணி உடுத்த மாட்டாள். வயிறு காலியாக இருந்தால் குடகுடவென்று சத்தம் போடும், நிறைந்திருந்தால் அழுகை மேலே ஏறாது. அதனால் பாதி வாழைப்பழம். அதற்கு மேல் ஒரு வாய் தண்ணீர்கூடக் கிடையாது. திரையில் நடிகை அழும்போது வாயைப் பார்க்கவே மாட்டாள். கழுத்துக்குழியைப் பார்ப்பாள். "வாய் பொய் சொல்லும், கழுத்துக்குழி சொல்லாது" என்பாள்.

ஆனால் அழுகை எங்கிருந்து வருகிறது என்பதை யாருக்கும் சொன்னதில்லை. தங்கைக்கு மட்டும் ஒருமுறை சொன்னாள். அது முழங்காலின் பின்பக்கத்திலிருந்து வரும். அதை அங்கிருந்து கிளப்ப ஓர் அறைக்குள் போகவேண்டும். கல்யாணமான புதிதில் அவளுக்கு ஒரு பெண் குழந்தை பிறந்தது. பிறந்தது என்று சொல்வதே பேச்சுக்குத்தான், அது மூச்சுவிடவே இல்லை. நர்ஸ் அதை ஒரு வெள்ளைத் துண்டில் சுற்றிக் கொண்டுவந்து கையில் கொடுத்தாள். பெரியவள் மைக் முன்னால் கண்ணை மூடுவாள், அந்த ஆஸ்பத்திரி அறைக்குள் போவாள், துண்டை மெல்லப் பிரிப்பாள். முகம் தெரியும். அவ்வளவுதான், முழங்கால் தளரும், சத்தம் தானாக ஏறி வரும். கணவன் வேறொருத்தியோடு போன பிறகு அவளைக் காப்பாற்றியது இந்தத் தொழில்தான். நெஞ்சைப் பிசைகிற மாதிரிதான் இருக்கிறது, ஆனாலும் சொல்லிவிடுகிறேன்: மண்ணுக்குள் கிடந்துகொண்டே அந்தப் பிள்ளை அம்மாவுக்குச் சோறு போட்டது.

இப்படியே காலம் ஓடியது. அப்புறம் ஓர் இளம் இயக்குநரின் படம் வந்தது. அதில் ஒரு தாய், ஏரியில் மூழ்கிப்போன மகனைக் கரையில் மடியில் போட்டுக்கொண்டு வெகுநேரம் சும்மா உட்கார்ந்திருப்பாள். பிறகு அழுவாள். படமே அந்த அழுகையில்தான் நிற்கிறது என்றார் இயக்குநர்.

பெரியவள் பாதி வாழைப்பழம் தின்றாள், வளையலைக் கழற்றினாள், கண்ணை மூடி அறைக்குள் போனாள். துண்டைப் பிரித்தாள். உள்ளே ஒன்றுமில்லை.

மறுபடி பிரித்தாள். துண்டுதான் இருந்தது, முகம் வரவில்லை. மூக்கில் ஆஸ்பத்திரி வாடைக்குப் பதிலாக ஸ்டுடியோ கம்பளத்தின் புழுங்கல் வாடை அடித்தது. பழக்கமான தொண்டை அல்லவா, அதுபாட்டுக்கு அழுதுவிட்டது. ஏற்றம், இறக்கம், விக்கல், எல்லாம் கச்சிதம்.

இயக்குநர் கண்ணாடிக்கு அந்தப் பக்கமிருந்து எழுந்து வந்தார். "அக்கா, தப்பா எடுத்துக்காதீங்க. நல்லாத்தான் இருக்கு. ஆனா இந்த அழுகையை எல்லாப் படத்துலயும் கேட்டாச்சு. எனக்கு வேற வேணும்."

"வேறன்னா எப்படி தம்பி?"

"அது தெரிஞ்சா நானே அழுதுட மாட்டேனா? கொஞ்ச நாள் எடுத்துக்குங்க. இல்லைன்னா..." நல்ல பிள்ளை, முகத்துக்கு நேரே சொல்ல வாய் வரவில்லை.

வேலை போய்விடுமே என்று அவள் கலங்கியிருந்தால் எனக்கும் நிம்மதியாக இருந்திருக்கும். அவள் கலங்கியது வேறு எதற்கோ. பஸ்ஸில் ஜன்னலோரம் உட்கார்ந்து வீடு வரும்வரை குழந்தையின் முகத்தை நினைவுக்குக் கொண்டுவரப் பார்த்தாள். மூக்கு எப்படி இருந்தது? புருவம் இருந்ததா, இல்லையா? எத்தனை கதாநாயகிகளுக்கு அந்த முகத்தைக் கிள்ளிக் கிள்ளிக் கொடுத்தாள்! கொடுத்துக் கொடுத்து இப்போது தனக்கென்று ஒரு துளி மிச்சமில்லை. நானே தின்னு தீர்த்துட்டேனே என்று மனசுக்குள் சொல்லிக்கொண்டாள். அழுகை வரவில்லை. பயம்தான் வந்தது.

அதே சமயத்தில்தான் அம்மாவுக்கு முடியாமல் போனது. அம்மா சின்னவளோடு இருந்தாள். சின்னவள் பள்ளிக்கூட வேன் ஓட்டுகிறவள். கட்டைக்குரல், ஸ்டியரிங் பிடித்துக் காய்த்துப்போன கை. குறுக்கே வருகிற லாரிக்காரனை அவள் திட்டுகிற திட்டில் வேனுக்குள் இருக்கும் பிள்ளைகள் கைதட்டும். அவள் அழுது யாரும் பார்த்ததில்லை. கீழே விழுந்து முட்டி பெயர்ந்தாலும் தரையைத்தான் திட்டுவாள். "நம்ம வீட்டு அழுகையெல்லாம் அக்காகிட்ட குடுத்தாச்சு, எனக்கு ஸ்டாக் இல்லை" என்று சிரிப்பாள். அக்காவின் படம் எது வந்தாலும் முதல் நாளே அம்மாவைக் கூட்டிக்கொண்டு தியேட்டருக்குப் போய்விடுவாள். பக்கத்து இருக்கையில் இருப்பவரை முழங்கையால் இடித்து, "இது எங்க அக்கா அழறது" என்று சொல்லாமல் அவளுக்கு இருப்புக் கொள்ளாது. பெரியவளுக்கு இந்த உலகத்தில் மிச்சமிருந்தது அம்மாவும் இந்தத் தங்கையும்தான். அம்மாவும் போய்விட்டால் இந்த ஒருத்திதான்.

ஒருநாள் காலையில் சின்னவள் வேனை எடுத்துக்கொண்டு போனாள், பெரியவள் அம்மாவின் கட்டிலருகே உட்கார்ந்திருந்தாள். அம்மாவின் ஒரு மூச்சுக்கும் அடுத்ததற்கும் நடுவே இடைவெளி நீண்டுகொண்டே போனது. அடுத்தது வரும் என்று காத்திருந்தாள். வரவில்லை. அவள் அம்மாவின் கண்ணை மூடினாள், வாயைத் துடைத்தாள், போர்வையை இழுத்துவிட்டாள். அறையில் அவள் மட்டும்தான் இருந்தாள், அழுவதற்கு அதைவிட நல்ல நேரம் கிடையாது. முழங்கால் அசையவில்லை. எத்தனை பேருக்கு அழுத தொண்டை, பெற்றவளுக்கு வறண்டு கிடந்தது.

வெளியே வேன் நிற்கும் சத்தம் கேட்டு ஜன்னலோரம் போய் நின்றாள். சாவிக்கொத்தைக் கையில் சுழற்றிக்கொண்டே சின்னவள் உள்ளே வந்தாள். "கஞ்சி குடிச்சாளா?" என்று கேட்டவள் கட்டிலைப் பார்த்ததும் சாவியை இறுக்கிக்கொண்டு நின்றுவிட்டாள்.

முதலில் சத்தமே இல்லை. மூச்சு உள்ளே போனது. இன்னும் கொஞ்சம் போனது. அதற்கு மேலும் போனது, வெளியே வரவில்லை. படிப்படியாக இறங்கிக்கொண்டே போகிற மூச்சு. பிறகு தொண்டையில் தண்ணீர் வராத அடிபம்ப் இழுக்கிற மாதிரி ஒரு வறட்டுச் சத்தம். அப்புறம்தான் அழுகை வந்தது, அதுகூட அழுகை மாதிரி இல்லை. யாரையோ அதட்டுகிற மாதிரி இருந்தது. சொல்லிக்கொள்ளாமல் கிளம்பிப் போனவளை நடுத்தெருவில் மறித்துத் திட்டுவதுபோலத் தொடங்கி, பாதியில் குரல் உடைந்து, உடைந்த இடத்திலிருந்து குழந்தைச் சத்தம் ஒன்று கிளம்பியது. சின்னவள் அப்படியே தரையில் சரிந்தாள்.

பெரியவளுக்கு மயிர்க்கூச்செறிந்தது. அவள் வாழ்நாளில் கேட்டிராத அழுகை.

அவள் என்ன செய்தாள் என்று சொல்கிறேன். திட்ட வேண்டும்போல இருந்தால் திட்டிக்கொள்ளுங்கள். ஓடிப்போய்த் தங்கையைத் தூக்கவில்லை. ஜன்னலோரம் நின்ற இடத்திலேயே நின்றாள். இடது கையின் வளையல்களை வலது கையால் இறுகப் பிடித்துக்கொண்டாள், சத்தம் வந்துவிடக்கூடாதே என்று. தன் மூச்சை அடக்கிக்கொண்டாள். அந்த நேரம் பார்த்துப் பக்கத்து வீட்டுக் குக்கர் விசிலடித்தது. 'ஐயோ, கெடுத்துட்டாங்களே!' என்று அவளுக்குப் பற்றிக்கொண்டு வந்தது. தரையில் கிடந்த சின்னவள் கண்ணைத் திறக்காமலே ஒரு கையை அக்காவை நோக்கி நீட்டினாள். அந்தக் கை காற்றில் துழாவியது. பெரியவள் அதைப் பார்த்தாள். ஓர் அடி எடுத்து வைத்தால் போதும். ஆனால் தரையில் கால் உரசும் சத்தம் கேட்கும், தங்கை உணர்ந்துகொள்வாள், அழுகை வேறு மாதிரி ஆகிவிடும். அவள் அசையவில்லை. அழுகை தானாக ஓய்ந்து, கடைசி விக்கலும் அடங்கிய பிறகுதான் போய்க் கட்டிப்பிடித்தாள்.

வந்தவர்கள், "பாவம், பெரியவ அதிர்ச்சியில சிலையா நின்னுட்டா" என்று பேசிக்கொண்டார்கள். சின்னவளும் அப்படித்தான் நினைத்தாள். அக்காவுக்குத் தானே சோறு பிசைந்து ஊட்டினாள்.

அம்மாவின் காரியங்கள் முடிந்து வீட்டுக்குத் திரும்பிய பெரியவள், குளியலறைக் கதவைச் சாத்தி, குழாயைத் திறந்துவிட்டு, அந்த மூச்சை இழுத்துப் பார்த்தாள். வரவில்லை. அதைப் போலச் செய்தால் மிமிக்ரி ஆகிவிடுகிறது, உயிர் இல்லை. தங்கையின் உடம்பு எப்படி நின்றது, தோள் எங்கே ஏறியது, சாவியை எப்படி இறுக்கினாள் என்று ஒவ்வொன்றாகத் தன் உடம்பில் போட்டுப் பார்த்தாள். சாவிக்கொத்தை உள்ளங்கையில் வைத்து வலிக்க வலிக்க அழுத்தினாள். பாத்திரம் துலக்கும்போது, பஸ்ஸுக்கு நிற்கும்போது, வாய்க்குள்ளேயே அந்த அதட்டலை உருட்டிக்கொண்டிருந்தாள். ஏன் இப்படிச் செய்கிறோம் என்று நடுநடுவே நெஞ்சு குத்தும். 'செத்தது எனக்கும்தான் அம்மா, எனக்கும் அதுல பங்கு இருக்கு' என்று அதன் வாயை அடைப்பாள். ஒருநாள் திடீரென்று சூட்சுமம் பிடிபட்டது. அது துக்கமே இல்லை, கோபம். என்னைக் கேட்காமல் எப்படிப் போகலாம் என்கிற கோபம். அதை வைத்துக்கொண்டு மூச்சை இழுத்தாள், படிப்படியாக இறங்கியது. குளியலறைச் சுவரைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள். தாயைப் பறிகொடுத்து மாதம்கூட ஆகவில்லை, வாய்விட்டுச் சிரித்தாள்.

ஸ்டுடியோவில் ஒரே டேக். அவள் உள்ளே இருந்தாளா, திரையில் இருந்தாளா, யாருடைய பிள்ளை யாருடைய மடியில் கிடந்தது, ஒன்றும் தெரியவில்லை. அவளை யாரோ உள்ளிருந்து உருவி எடுத்து, திரும்ப அவளுக்கே போர்த்திவிட்ட மாதிரி இருந்தது. இத்தனை வருஷத்தில் இப்படியொரு சந்தோஷத்தை அவள் அறிந்ததில்லை. முடிந்ததும் கண்ணாடிக்கு அந்தப் பக்கம் இயக்குநர் தேம்பிக்கொண்டிருந்தார். ஒலிப்பதிவாளர் ஹெட்போனைக் கழற்றி வைத்துவிட்டு அவளையே பார்த்தார், கேலி பேசவில்லை.

அவளுக்கு அகோரப் பசி. கேன்டீனுக்குப் போய் இரண்டு ஆள் சாப்பாடு சாப்பிட்டாள். கை கழுவிக்கொண்டிருக்கும்போதுதான் சுருக்கென்று உறைத்தது. இந்தப் படத்தைச் சின்னவள் பார்ப்பாளே!

மறுநாள் பகலில் ஒலிப்பதிவாளர் தனியாக இருக்கும் நேரம் பார்த்துப் போனாள். நடந்ததை ஒன்றுவிடாமல் சொன்னாள், தங்கை கை நீட்டியதைத் தவிர.

"தன் அழுகை தனக்கே தெரியாது, அழுமூஞ்சி. யாரு பதிவு பண்ணிப் போட்டுக் கேக்கறா?"

"அவளுக்குத் தெரியும்."

"சரி, அழிச்சிடறேன்" என்றார் அவர் சாதாரணமாக. "கைதவறி அழிஞ்சு போச்சுன்னு சொல்லிக்கிறேன். இந்த வயசுல என்னை யாரு என்ன பண்ணிட முடியும்? திட்டுவாங்க, வாங்கிக்கிறேன். நீ பழைய மாதிரியே இன்னொண்ணு அழுது குடு. ஒரு வார்த்தை சொல்லு, போதும்."

அவர் விரல் பொத்தானுக்கு அருகில் போய் நின்றது. பெரியவள் வாயைத் திறந்தாள்.

"அழிக்கிறதுக்கு முன்னாடி ஒரு தடவை போடுங்க."

அவர் அவளைத் திரும்பிப் பார்த்தார். பிறகு போட்டார். அறை முழுக்க அந்த மூச்சு இறங்கியது, அடிபம்ப் இழுத்தது, அதட்டல் உடைந்தது. திரையிலிருந்த தாய் இப்போதுதான் தாயாகியிருந்தாள். பெரியவள் கண்ணிமைக்காமல் கேட்டாள். ஓர் இடத்தில்கூடக் குறை சொல்ல முடியவில்லை. அவள் செத்துப்போன பிறகும் இது இருக்கும்.

"சொல்லு" என்றார் அவர்.

"இருக்கட்டும்" என்றாள் பெரியவள்.

அவர் விரலை எடுத்துக்கொண்டார். அதன்பிறகு அவர் அவளை அழுமூஞ்சி என்று கூப்பிடவில்லை, "வாங்கம்மா" என்றே சொன்னார்.

படம் வெளிவந்தது. பெரியவள் என்னென்னவோ சொல்லிப் பார்த்தாள். படம் ஒரே இழுவை என்றாள், உப்புச்சப்பு இல்லை என்றாள், அம்மா போன வருஷத்தில் இதெல்லாம் எதற்கு என்றாள்.

"அம்மா போனதாலதான் போகணும்கிறேன்" என்றாள் சின்னவள். "அவ இருந்தா விடுவாளா? பேப்பர்ல உன் அழுகையைப் பத்தித்தான் எழுதியிருக்கானாம், ஸ்கூல் வாட்ச்மேன் சொல்றாரு. இந்தத் தடவை நீயும் கூட வா. நாம ரெண்டு பேர்தானே இருக்கோம்?"

மத்தியானக் காட்சி. சின்னவள் வேனைத் தியேட்டர் வாசலிலேயே நிறுத்தினாள். உள்ளே உட்கார்ந்ததும் வழக்கம்போலப் பக்கத்து இருக்கைப் பெண்மணியை முழங்கையால் இடித்து, "இந்தப் படத்துல அழறது எங்க அக்காதான், இதோ இவங்கதான்" என்றாள். அந்தப் பெண்மணி எட்டிப் பார்த்துச் சிரித்தாள்.

அந்த இடம் வந்தது. பெரியவள் திரையைப் பார்க்கவில்லை, தங்கையின் கழுத்துக்குழியைப் பார்த்துக்கொண்டிருந்தாள். திரையில் மூச்சு உள்ளே போனது. இன்னும் கொஞ்சம் போனது. சின்னவளின் மூச்சும் கூடவே இறங்கியது, அவளை அறியாமல், அதே படிகளில். காது கண்டுபிடிக்குமுன் நெஞ்சு கண்டுபிடித்துவிட்டது. அதட்டல் உடைந்தபோது தியேட்டர் முழுக்க விசும்பல் எழுந்தது. பக்கத்துப் பெண்மணி முந்தானையால் கண்ணை ஒற்றிக்கொண்டே, "உங்க அக்கா உசுரை உருவிட்டாங்க" என்றாள். சின்னவள் படம் முடியும்வரை கையைக் கட்டிக்கொண்டு நேராக உட்கார்ந்திருந்தாள்.

வெளியே வந்தார்கள். வேனில் ஏறி உட்கார்ந்தார்கள். சின்னவள் சாவியைப் போட்டாள், திருப்பவில்லை. வெயில் கண்ணாடியில் சுள்ளென்று அடித்தது. பிள்ளைகள் விட்டுப்போன தண்ணீர் பாட்டில் ஒன்று பின்னால் உருண்டுகிடந்தது.

"நான் கையை நீட்டினேன்க்கா" என்றாள் சின்னவள். கத்தவில்லை. லாரிக்காரனைத் திட்டுகிற குரலில் நாலு வார்த்தை திட்டியிருந்தால் பெரியவள் பிழைத்திருப்பாள். "அன்னைக்கு நான் கையை நீட்டினேன். நீ வரலை. அக்கா பாவம், அதிர்ச்சியில நிக்கறா, அவளையும் நாமதான் பார்த்துக்கணும்னு நினைச்சுக்கிட்டேன். நீ கேட்டுக்கிட்டு இருந்திருக்க."

பெரியவள் ஏதோ சொல்லப் போனாள். அம்மா எனக்கும் அம்மாதானே என்கிற அந்தப் பழைய வாதம் நாக்குவரை வந்தது. கூசியது, விழுங்கிவிட்டாள்.

"எனக்கு அழத் தெரியாதுன்னு உனக்குத் தெரியும்" என்றாள் சின்னவள். "வாழ்க்கையிலேயே அது ஒண்ணுதான் அழுதேன். அது எங்கம்மாவுக்கு. இனிமே தெருவுல போறவன் வர்றவன் எல்லாம் அதைக் கேப்பான். டிவியில போடுவான். சோறு தின்னுக்கிட்டே கேப்பான்."

அப்போது பெரியவளின் முழங்காலுக்குப் பின்னால் ஏதோ தளர்ந்தது. அவள் கூப்பிடவில்லை, எந்த அறைக்குள்ளும் போகவில்லை. தானாகவே ஏறி வந்தது. குழந்தைக்காக, அம்மாவுக்காக, காற்றில் துழாவிய அந்தக் கைக்காக, இத்தனை நாள் வராத எல்லாமும் சேர்ந்து வந்தது. தங்கையின் தோளில் சாய்ந்து வாய்விட்டு அழுதாள். என்னை மன்னிச்சுடுடி, மன்னிச்சுடுடி என்று அழுகைக்கு நடுவே சொல்லிக்கொண்டே இருந்தாள்.

சின்னவள் அவளைத் தள்ளிவிடவில்லை, அணைக்கவும் இல்லை. தலையைச் சற்றே சாய்த்துக் கவனமாகக் கேட்டாள். வெகுநேரம் கேட்டாள். அவள் முகத்தில் கோபம் இல்லை. உண்மையாகவே தெரிந்துகொள்ள விரும்புகிறவளைப் போலத்தான் கேட்டாள்.

"இப்ப அழறியே, இது யாரோடதுக்கா?"

பெரியவளுக்கு அழுகை நின்றுபோனது. யோசித்துப் பார்த்தாள், தெரியவில்லை.